அச்சாரம்

பிட்கெரி சபையின் எழுத்தன் நான்.
ஆறு நாள் பிள்ளைகளுக்கு அரிச்சுவடி,
ஏழாம் நாள் பெரியவர்களின் பாவம்.

மைக்கூட்டில் மை உறைகிற மாதம்.
மேசையைச் சுற்றி மூப்பர்கள் ஏழு பேர்.
நடுவில் போதகர். அவருக்கு வலப்பக்கம்
உப்புக் கொப்பரைகளுக்கும் கரிச் சுரங்கத்துக்கும்
அவற்றில் வேகிறவர்களுக்கும் சொந்தக்காரர்,
எங்கள் பிரபு. அவரும் மூப்பரே.

கிரிசல் ஸ்பென்ஸ் உள்ளே வந்தாள்.
இடுப்பில் கைக்குழந்தை. இமை மயிரில் புகைக்கரி.
"ஓய்வுநாளில் உன் கொப்பரையடியில் தீ இருந்ததா?"
"இருந்தது ஐயா."
"மூட்டியது யார்?"
"யாரும் மூட்டவில்லை. அது சனிக்கிழமைத் தீ.
அணையவிடவில்லை, அவ்வளவுதான்.
அணைந்தால் இரும்புத் தகடு விரிசல் விடும்.
விரிசல் விட்டால்..."
அவள் கண் வலப்பக்கம் போய்
உடனே திரும்பியது.
மீதியை யாரும் கேட்கவில்லை.
கேட்காததை எழுத எனக்குக் கோடு இல்லை.

எழுதினேன்: குற்றத்தை ஒப்புக்கொண்டாள்.
மூன்று ஞாயிறு, இரட்டுடுத்து, முக்காலியில்.
அபராதம் இருபது ஷில்லிங்.
அதெல்லாம் தீரும்வரை
பிள்ளைக்கு ஞானஸ்நானம் கிடையாது.

அபராதப் பெட்டியிலிருந்துதான் என் சம்பளம் வருகிறது.
இதை அந்தப் புத்தகத்தில் எழுதியதில்லை.

மூன்று வருஷத்துக்கு முன் இதே மேசையில்தான்
உடன்படிக்கைத் தோலை விரித்தோம்.
ஆண்டவரோடு ஒரு தேசமே கை கோத்த நாள்.
எடின்பரோவில் விரலைக் கீறி ஒப்பமிட்டார்களாம்.
எங்கள் ஊரில் பேனாவைத் தொட்டார்கள், நான் எழுதினேன்.
கிரிசலின் புருஷன் கையை நான்தான் பிடித்தேன்.
உப்பு தின்ற விரல்கள், வெடிப்பு வெடிப்பாக,
தூவலே வழுக்கியது.
பிறகு படைக்கு ஆள் எண்ணியபோது
பிரபுவின் பங்கில் ஒரு தலை குறைந்தது.
அவனை அனுப்பினார்கள்.
டைன் ஆற்றங்கரையில் காய்ச்சலில் போனான்
என்று வந்த கடிதத்தையும்
நான்தான் வாசித்துக் காட்டினேன்.

மூன்றாம் ஞாயிறு.
போதகர் எகிப்தின் அடிமைவீட்டைப் பற்றி
இரண்டரை மணி நேரம் முழங்கினார்.
செங்கல் சுமந்தவர்களுக்காக அவர் குரல் உடைந்தது.
மேல்மாடத்தில் பிரபு தூங்கிக்கொண்டிருந்தார்.
இரட்டுக்குள்ளே குழந்தை பால் குடித்தது.
அந்தச் சின்ன உறிஞ்சல் சத்தம்
முன்வரிசை வரை கேட்டது.

பிறகு தண்ணீர். பெயர், நினியன்.
பிறகு காரியஸ்தன் எழுந்து வந்து
குழந்தையின் கைக்குள் ஒரு வெள்ளிக்காசை வைத்தான்.
பரிசு என்று சொல்லிக்கொள்வார்கள்.
வாங்கிய கை ஆயுள் முழுக்கக் கொப்பரைக்கு
என்பது ஊரறிந்த கணக்கு.

காசு நிற்கவில்லை.
பால்குடி விரல்கள் ஐந்தும் விரிந்தன.
உருண்டு முக்காலிக்கு அடியில் போனது.
கிரிசல் குனியவில்லை.
காரியஸ்தன் குனிந்தான், மூச்சு வாங்கினான்,
மறுபடி வைத்தான். மறுபடி விழுந்தது.
கடைசியில் துணி மடிப்பில் செருகிவிட்டு
என்னைப் பார்த்தான்.

பிரபுவின் கணக்கையும் நான்தான் எழுதுகிறேன்.
நினியன், ஆண், பெற்றுக்கொண்டான்.
மணல் தூவி உலர்த்தினேன்.

வாசலில் நின்றாள்.
"என்ன எழுதினீர்?"
"ஞானஸ்நானம் பெற்றான் என்று."
"அந்தப் புத்தகமில்லை."
வாசித்தேன்.
"பெற்றுக்கொண்டானா? நீர் அங்கேதானே இருந்தீர்."
கடற்காற்று பலமாக இருந்தது.
காது கேளாதவனைப் போல் தொப்பியைப் பிடித்துக்கொண்டேன்.

திங்கட்கிழமை அவள் மூத்த மகள்
வழக்கம்போலப் பள்ளிக் கூலி கொண்டுவந்தாள்:
கந்தல் முடிச்சில் ஒரு பிடி உப்பு,
மாட்டு ரத்தம் ஊற்றி நுரையெடுத்த நல்ல வெள்ளை.
ஓட்ஸ் கஞ்சியில் போட்டுக் குடித்தேன்.
இரண்டு புத்தகங்கள் இருக்கின்றன என் அலமாரியில்.
யார் இட்ட உப்பு என்பதற்கு
இரண்டிலும் ஏடு இல்லை.